காகித வீடு

பிறந்து வளர்ந்த வீட்டைப் பற்றிப் பேச ஆரம்பித்தால் நம்மவர்களுக்குப் பொழுது போவதே தெரியாது. "எங்கள் வீட்டுக் கூடம் இருக்கிறதே, அதில் நூறு பேருக்கு ஒரே பந்தியில் இலை போடலாம்!" என்பார் ஒருவர். "எங்கள் வீட்டுக் கிணற்று ஜலத்தின் ருசியை அப்புறம் நான் எங்கும் கண்டதில்லை" என்பார் இன்னொருவர். கேட்டுக்கொண்டிருப்பவரோ, இவர் எப்போது மூச்சு விடுவார், நம் வீட்டுக் கிணற்றைப் பற்றி நாம் எப்போது ஆரம்பிக்கலாம் என்று காத்துக்கொண்டிருப்பார். ஆனால் அந்த மனிதரிடம் ஒரு காகிதத்தையும் பென்ஸிலையும் கொடுத்து, "ஐயா, அந்த வீட்டைக் கொஞ்சம் வரைந்து காட்டுங்கள்" என்று கேட்டுப் பாருங்கள். பேச்சு நின்றுவிடும். கூடத்துக்கு இடப் பக்கம் அறை இருந்ததா, வலப் பக்கமா? சமையல் உள்ளிலிருந்து கொல்லையில் இறங்க இரண்டு படியா, மூன்று படியா? நூறு பேர் சாப்பிட்ட கூடம் காகிதத்தில் நாலு பேருக்குக் கூட இடம் கொடுக்காமல் சுருங்கிவிடும்.

இந்தப் பரீட்சையை ஆயுள் முழுவதும் தமக்குத் தாமே வைத்துக்கொண்ட ஒரு பெண்மணியைப் பற்றி நேயர்களுக்குச் சொல்ல விரும்புகிறேன். அவர் பெயர் ஜரீனா. 2020-ம் வருஷம் ஏப்ரல் மாதத்தில் லண்டனில் காலமானார். அவர் விட்டுச் சென்ற சொத்து பெரும்பாலும் காகிதம். அந்தக் காகிதங்களில் ஒரு வீடு இருக்கிறது.

2013-ம் வருஷத் தொடக்கத்தில் நான் நியூயார்க்கில் என் பிள்ளை வீட்டில் இருந்தேன். வெளியே பனி கொட்டிக்கொண்டிருந்தது. எழுபது வயதுக் கிழவனை அறைக்குள்ளேயே வைத்திருந்தால் துருப்பிடித்துப் போவான் என்று என் மருமகளுக்குக் கவலை. "வாருங்கள் மாமா, குகன்ஹைம் மியூஸியத்தில் நம் தேசத்துப் பெண்மணி ஒருவருடைய படங்கள் வைத்திருக்கிறார்களாம், போய்விட்டு வரலாம்" என்று அழைத்துப் போனாள். உள்ளே நல்ல கணகணப்பாக இருந்தது. அந்தக் குளிரில் ஒரு மனிதனுக்குக் கலையின் மீது பிரியம் உண்டாக வேறு காரணம் வேண்டியதில்லை.

சுவரில் ராஜாவும் இல்லை, ராணியும் இல்லை; மலையும் இல்லை, நதியும் இல்லை. வர்ணம் என்று சொல்லும்படியாகக் கூட அதிகம் இல்லை. ஓரிடத்தில் 36 படங்கள் வரிசையாக இருந்தன. ஒவ்வொன்றிலும் கறுப்பு மையில் சில கோடுகள், சில கட்டங்கள். அடியில் உருது லிபியில் ஒரே ஒரு வார்த்தை. அவ்வளவுதான். பக்கத்தில் ஒட்டியிருந்த குறிப்பைப் பார்த்து மருமகள் எனக்குத் தமிழில் சொல்லிக்கொண்டு வந்தாள். வீடு. வாசற்படி. கதவு. சுவர். முற்றம். பிற்பகல். மழை. வெப்பக் காற்று. வாசனை. தூரம். எல்லை. மொழி.

'பிற்பகல்' என்ற வார்த்தையைக் கேட்டதும் நான் நின்றுவிட்டேன். வீட்டைப் பற்றிய சித்திரத்தில் பிற்பகலுக்கு என்ன வேலை என்று அமெரிக்கர் கேட்கலாம். நம்மில் யாரும் கேட்கமாட்டோம். சாப்பாடு முடிந்து, பாத்திரங்களின் சத்தம் ஓய்ந்து, பெரியவர்கள் கூடத்தில் துண்டை விரித்துப் படுத்து, முற்றத்து வெயில் மெல்லத் தூண் மேல் ஏறும் அந்த நேரமும் வீட்டில் ஓர் அறைதான். வாசலில் பூட்டிய கதவைப் போல் அதுவும் வீட்டைக் காவல் காக்கிறது.

அந்தப் படவரிசை 1999-ல் செய்தது. 'இல்லம் என்பது ஓர் அந்நிய இடம்' என்று அதற்குப் பெயர். நியூயார்க்கில் குடியிருந்த இடத்தை விட்டுக் கிளம்ப நேருமோ என்ற நெருக்கடி அவருக்கு வந்த சமயம் அது. வார்த்தைகளை முதலில் ஜாபிதா போட்டார். பாகிஸ்தானத்தில் இருந்த எழுத்துக் கலைஞர் ஒருவருக்கு அனுப்பி, அவற்றை அழகிய உருது எழுத்தில் எழுதி வாங்கினார். பிறகு ஒவ்வொரு வார்த்தைக்கும் ஒரு மரக்கட்டையைச் செதுக்கினார். வார்த்தை முதலில், சித்திரம் பிறகு. மற்றவர்கள் படத்தைப் போட்டுவிட்டுப் பெயரைத் தேடுவார்கள். இவரோ பெயரைப் பிடித்துக்கொண்டு வீட்டுக்குள் போனார்.

நியூயார்க்கில் அந்தப் படங்களைப் பார்க்க வந்தவர்களில் நூற்றுக்கு ஒருவருக்காவது உருது படிக்கத் தெரிந்திருக்குமா என்பது சந்தேகம். ஜரீனாவுக்கு அது தெரியாதா? நன்றாய்த் தெரியும். ஆனாலும் வார்த்தையை மாற்றவில்லை. என் பேரன் ஒருநாள், "தாத்தா, ரேழி என்றால் என்ன?" என்று கேட்டான். வாசலுக்கும் கூடத்துக்கும் நடுவில் இருக்கும் வழி என்றேன். "அப்படியானால் காரிடார்" என்றான். இல்லை என்றேன். காரிடாரில் யாரும் மழைக்காலத்தில் சைக்கிளைச் சாத்திவைத்து, ஈரக் குடையை விரித்து, ஊர் வம்பு பேசிக்கொண்டு நிற்கமாட்டார்கள். ரேழி என்ற வார்த்தை போய்விட்டால், செங்கல்லும் காரையும் நின்றாலும் ரேழி போய்விட்டதாகவே அர்த்தம். ஜரீனா 36 வார்த்தைகளையும் மரத்தில் வெட்டி வைத்ததன் காரணம் எனக்கு அப்போது விளங்கிற்று.

*

ஜரீனா 1937-ம் வருஷம் அலிகாரில் பிறந்தவர். ஜரீனா ஹாஷ்மி என்பது முழுப் பெயர். சித்திர உலகில் ஜரீனா என்பதோடு நிறுத்திக்கொண்டார். தகப்பனார் அவ்வூர் முஸ்லிம் சர்வகலாசாலையில் சரித்திர ஆசிரியர். பெண் படித்ததோ கணக்கு. 1958-ல் அதே சர்வகலாசாலையில் கணிதத்தில் பி.எஸ்ஸி. தேறினார். அந்த வருஷமே விவாகம். கணவர் இந்திய அயல்நாட்டு இலாகாவில் உத்தியோகஸ்தர்.

மாற்றல் உத்தியோகக் குடும்பங்களுக்கு நான் விவரிக்க வேண்டியதில்லை. ஓர் ஊரில் திரைச்சீலை தைத்து மாட்டி முடிப்பதற்குள் அடுத்த ஊருக்கு உத்தரவு வந்துவிடும். நம்மவர்கள் மதுரைக்கும் திருநெல்வேலிக்கும் மாறுவார்கள். ஜரீனா பாங்காக், பாரிஸ், பான் என்று மாறிக்கொண்டிருந்தார். பாங்காக்கில் மரக்கட்டை அச்சுச் சித்திரத்தில் பழகினார். பாரிஸில் ஸ்டான்லி வில்லியம் ஹேட்டர் என்ற பேர்பெற்ற அச்சுச் சித்திர ஆசிரியரின் பட்டறையில் உழைத்தார். 1974-ல் ஜப்பான் சென்று தோஷி யோஷிதாவிடம் அந்நாட்டு முறையைக் கற்றார். நடுவில் தில்லியில் இருந்தபோது, யந்திரமில்லாமல் காற்றில் மிதக்கும் விமானத்தை ஓட்டவும் பழகினாராம்! மேலேயிருந்து பார்த்தால் வீடு எப்படித் தெரியும்? கூரை தெரியும், சுவர்களின் ஓரம் தெரியும், நடுவில் முற்றம் ஒரு சதுரமாகத் தெரியும். கணக்கும் ஆகாயமும் சேர்ந்து அவர் கைக்கு வரைபடத்தைக் கொடுத்தன என்று எனக்குத் தோன்றுகிறது.

பின்னர் அமெரிக்கா. 1970-களின் பிற்பகுதியில் கணவர் இறந்துபோனார். ஜரீனா நியூயார்க்கில் தனியாக வாழ்ந்து, காகிதம் செய்வதைப் பிறருக்குக் கற்றுக்கொடுத்துக்கொண்டு, தம் வேலையைத் தொடர்ந்தார்.

அவருடைய வேலையைச் சித்திரம் என்ற ஒரே பெயரில் அடக்குவது சிரமம். தையல் ஊசியால் வெள்ளைக் காகிதத்தில் ஆயிரக்கணக்கான துவாரங்கள் குத்தி, மை படாமலே படம் செய்திருக்கிறார். காகிதக் கூழில் வர்ணப் பொடியைக் கலந்து அச்சில் ஊற்றிச் சிற்பம் போல வார்த்திருக்கிறார். சக்கரம் வைத்த சின்னஞ்சிறு வீடுகளை உலோகத்தில் வார்த்திருக்கிறார். தள்ளினால் ஊர்வலம் போகும். ஜப மாலைகள் கோத்திருக்கிறார். தங்க ரேக்கை ஜப்பானியக் காகிதத்தில் ஒட்டித் தகதகவென்று ஒரு திரை தொங்கவிட்டிருக்கிறார். இப்படிப் பல பொருள்களைக் கையாளும் கலைக்கு மேல்நாட்டில் என்னென்னவோ பெயர்கள் உண்டு. நம் வீட்டுப் பெண்மணிகள் இதைப் பார்த்தால் 'கதம்பம்' என்பார்கள். மல்லிகை, மருக்கொழுந்து, கனகாம்பரம் எல்லாம் இருக்கலாம்; ஆனால் நார் ஒன்றுதான். ஜரீனாவின் கதம்பத்துக்கு நார், அலிகாரில் இருந்த அந்த வீடு.

அந்த வீடு என்ன ஆயிற்று? இடிந்துபோகவில்லை, எரிந்துபோகவில்லை. 1947-ல் தேசம் பிரிந்தபோது ஜரீனாவுக்கு வயது பத்து. குடும்பம் அலிகாரிலேயே இருந்தது. ஆனால் 1950-களின் இறுதியில் பெற்றோர் கராச்சிக்குக் குடிபெயர்ந்தார்கள். ராணி என்று செல்லமாய் அழைக்கப்பட்ட தமக்கையும் அங்கேயே வாழ்ந்தார். ஒரு பெண்ணின் நிலைமையைச் சற்று யோசித்துப் பாருங்கள். புக்ககத்தார் இந்தியாவின் ராஜாங்க சேவையில். பிறந்தகத்தார் பாகிஸ்தானத்தில். தாயாரையும் தமக்கையையும் பார்த்துவிட்டு வரவேண்டுமென்றால் அந்நிய தேசப் பிரயாணம். நம் பெண்கள் ஆடி மாதம் பிறந்தகம் போக ரயிலில் இடம் கிடைக்கவில்லை என்று குறைப்படுகிறார்கள்!

*

ஜரீனாவின் வேலைகளில் மிகவும் பேர்போனது 2001-ல் செய்த ஒரு மரக்கட்டை அச்சு. 'பிரிக்கும் கோடு' என்று சொல்லலாம். வெளுத்த காகிதம், அதில் மேலிருந்து கீழாக, இங்கும் அங்கும் வளைந்து நெளிந்து இறங்கும் ஒரு தடித்த கறுப்புக் கோடு. வேறொன்றும் இல்லை. ஆறா, பாம்பா, காயத்தின் தழும்பா என்று முதலில் தோன்றும். அது இந்தியாவுக்கும் பாகிஸ்தானத்துக்கும் நடுவே போட்ட எல்லை.

அந்தக் கோட்டின் கதை நம் பிள்ளைகளுக்குத் தெரிய வேண்டும். ஸர் சிரில் ராட்கிளிப் என்ற ஆங்கில வக்கீல் 1947-ம் வருஷம் ஜூலை 8-ந் தேதி இந்தியாவுக்கு வந்து சேர்ந்தார். அதற்கு முன் அவர் இந்தத் தேசத்தில் காலடி வைத்தவரல்ல. பஞ்சாபையும் வங்காளத்தையும் பிரிக்க அவருக்குக் கிடைத்த அவகாசம் சுமார் ஐந்து வாரம். ஆகஸ்ட் 15-ந் தேதி நாடெங்கும் கொடியேற்றி மிட்டாய் வழங்கினோம். கோடு எங்கே ஓடுகிறது என்பதை 17-ந் தேதிதான் வெளியிட்டார்கள். இரண்டு நாள், தாங்கள் எந்தத் தேசத்துப் பிரஜைகள் என்று தெரியாமலே சுதந்திரம் கொண்டாடிய கிராமங்கள் இருந்தன. பிறகு ஒரு கோடிக்கும் அதிகமான ஜனங்கள் அந்தக் கோட்டைக் கடந்து இடம் பெயர்ந்தார்கள். லட்சக்கணக்கானோர் உயிரிழந்தார்கள்.

ராட்கிளிப்புக்குப் பேனா போதுமாயிருந்தது. ஜரீனாவுக்குப் போதவில்லை. மரக்கட்டை அச்சின் முறை என்னவென்றால், உளியால் வெட்டின இடம் மை பிடிக்காது. வெட்டாமல் விட்ட இடமே காகிதத்தில் பதியும். ஆகவே அந்த ஒரு கோடு நிற்க வேண்டுமானால் அதன் இரு பக்கத்திலும் இருப்பதையெல்லாம் செதுக்கி எடுத்தாக வேண்டும். இந்தப் பக்கத்து வயல், அந்தப் பக்கத்து வயல். இந்தப் பக்கத்து வீதி, அந்தப் பக்கத்து வீதி. எல்லாம் சீவல் சீவலாகப் போன பிறகு மிஞ்சியது கோடு ஒன்றுதான். சரித்திரப் புத்தகத்தில் இரண்டு பக்கம் படித்தால் தெரியாதது, அந்தச் செய்முறையைத் தெரிந்துகொண்டபோது எனக்குத் தெரிந்தது.

பிறர் துக்கத்தையும் அவர் இதே உளியால் தொட்டார். 2003-ல் ஒன்பது நகரங்களின் உருவை ஒரு வரிசையாகச் செய்தார். பாக்தாத், பெய்ரூத், காபூல், ஸாராஜெவோ முதலியவற்றோடு நம் ஆமதாபாத்தும் அதில் உண்டு. அவர் அன்றாடம் நடமாடிய நியூயார்க்கும் உண்டு. எல்லாம் மனிதர் மனிதரால் அடிபட்ட ஊர்கள். எந்த ஊருக்கும் அவர் தனிச் சலுகை காட்டவில்லை.

*

ஊருக்குத் திரும்பி வந்ததும் எனக்கு ஒரு விபரீத யோசனை தோன்றிற்று. அவ்வருஷம் ஆவணியில் தம்பியின் பேத்திக்கு ஆண்டு நிறைவு. அக்கா, அண்ணா, நான், தம்பி நால்வரும் சென்னையில் தம்பி வீட்டில் கூடியிருந்தோம். சாப்பாடு முடிந்த பிற்பகல். ஆளுக்கு ஒரு காகிதமும் பென்ஸிலும் கொடுத்து, "நம் வீட்டை ஒருவர் காகிதத்தை ஒருவர் பாராமல் வரைய வேண்டும்" என்றேன்.

கும்பகோணத்துக்குச் சமீபத்தில் ஒரு கிராமத்தில் இருந்தது எங்கள் வீடு. 1955-ல் கைமாறிவிட்டது. வாங்கியவர்கள் பிற்பாடு அதை இடித்து மாடி வீடு கட்டிக்கொண்டார்கள். எங்களிடம் அந்த வீட்டின் புகைப்படம் ஒன்றுகூடக் கிடையாது.

அண்ணா மராமத்து இலாகாவில் வேலை பார்த்தவர். ஸ்கேல் வைத்துக் கோடு போட்டு, வடக்கு எது என்று அம்புக்குறியும் போட்டார். திண்ணை, ரேழி, கூடம், முற்றம், கொல்லை எல்லாம் அளவு பிசகாமல் வந்தன. சமையல் உள்ளை மட்டும் மறந்துவிட்டார்! தம்பிக்கு வீட்டை விட்டபோது வயது எட்டு. அவன் படத்தில் கிணறு கூடத்தைவிடப் பெரிது. அதன் பக்கம் போனால் உதை கிடைக்கும் என்று அப்பா பயமுறுத்தி வைத்திருந்தார். என் படத்தில் ரேழியும் ஊஞ்சல் வளையமும் மட்டும் தெளிவாக இருந்தன. மற்ற இடமெல்லாம் பனி மூட்டம்.

"அண்ணாவுக்குச் சமையல் உள் ஞாபகம் இல்லையாம்! இலைக்கு முன்னால் வந்து உட்கார்ந்தவருக்கு அது எதற்கு?" என்று மன்னி கேட்க, கூடத்தில் ஒரே சிரிப்பு.

அக்கா மட்டும் பென்ஸிலைத் தொடவில்லை. அவள் 1937-ல் பிறந்தவள். ஜரீனாவுக்குச் சம வயது. "எனக்குப் படம் போடத் தெரியாதடா. கோலம்தான் தெரியும்" என்றாள்.

"அப்படியானால் கோலமாகவே போடேன், அக்கா" என்றேன்.

யோசித்தாள். பிறகு காகிதத்தின் மேல் புள்ளிகள் வைக்க ஆரம்பித்தாள். தூண்கள் இருந்த இடத்திலெல்லாம் புள்ளி. வாசற்படி, நிலைப்படி, கொல்லைப்படி எல்லாவற்றுக்கும் புள்ளி. பிறகு ஒவ்வொன்றாய் இழுத்துச் சேர்த்தாள். அரை மணி நேரத்தில் காகிதத்தின் மேல் எங்கள் வீடு எழுந்து நின்றது. அம்மி கிடந்த மூலை, நெல் குதிர், மாடத்தில் விளக்கு வைக்கும் இடம், மழைக்காலத்தில் ஒழுகும் இடத்தில் வைத்த அண்டா வரைக்கும் ஒன்று விடாமல் இருந்தது. ஒவ்வொன்றின் பக்கத்திலும் பொடி எழுத்தில் அதன் பெயரை எழுதியிருந்தாள். அண்ணா தம் படத்தை மடித்துப் பையில் வைத்துக்கொண்டார்.

நால்வரும் ஒரே வீட்டில் வளர்ந்தவர்கள். ஆனால் நான்கு படங்களும் நான்கு வீடுகள். எதையும் பொய் என்று தள்ள முடியாது. அவரவர் எந்த இடத்தில் நின்று உலகத்தைப் பார்த்தார்களோ அந்த இடம் பெரிதாயிருந்தது. 'நான் யார்?' என்று வேதாந்திகள் கேட்கச் சொல்கிறார்கள். அதற்கு விடை காண்பது கஷ்டம். 'வீட்டில் நான் எங்கே இருந்தேன்?' என்ற கேள்விக்குப் பென்ஸில் முனையே பதில் சொல்லிவிடுகிறது.

ஜரீனா தம் பிறந்த வீட்டை வர்ணம் தீட்டி எழுதியிருந்தால், அது அலிகாரில் ஒரு பங்களா என்று பார்த்துவிட்டுப் போயிருப்போம். அவர் முகப்பை எழுதவில்லை. தளவரைபடத்தை எழுதினார். 'தகப்பனார் வீடு' என்று 1994-ல் செய்த செப்புத் தகட்டு அச்சும் அப்படிப்பட்டதே. 1997-ல் தாம் குடியிருந்த வீடுகளை ஒன்பது அச்சுக்களாகச் செய்தபோதும் சில கோடுகளோடு நிறுத்திக்கொண்டார். கோடுகளுக்கு நடுவே வெற்றிடம் இருக்கிறது. அந்த வெற்றிடத்தில் கும்பகோணத்துக்காரனும் நுழைந்து, தன் ஊஞ்சலை மாட்டிக்கொள்ள முடிகிறது.

ஒரு விஷயத்தை மட்டும் மறந்துவிடக் கூடாது. எங்கள் வீட்டை நாங்களே விற்றோம். பத்திரத்தில் கையெழுத்துப் போட்டவர் எங்கள் அப்பா. அந்தத் தெருவுக்கு இன்று போனாலும், "வாருங்கள்" என்று அழைத்து ஒரு டம்ளர் காப்பி கொடுக்க மனிதர் உண்டு. பஞ்சாபிலும் வங்காளத்திலும் சாவியை இடுப்பில் செருகிக்கொண்டு இரவோடிரவாகப் புறப்பட்டவர்களின் கதையை எங்கள் கதையோடு சேர்த்துக் கட்டுவது அழகல்ல. ஆனால் அவர்களுடைய கதையைக் கேட்பதற்கு நமக்கும் ஒரு காது வேண்டுமே! அந்தக் காதை எனக்கு எங்கள் வீடு கொடுத்தது என்று மட்டும் சொல்வேன்.

*

ஜரீனாவின் தமக்கை ராணியைப் பற்றி இன்னும் சொல்லவில்லை. ராணி கராச்சியிலிருந்து தங்கைக்கு உருதுவில் கடிதங்கள் எழுதினார். எழுதினாரே தவிர, அவற்றைத் தபாலில் சேர்க்கவில்லை. பெற்றோர் மறைந்தது, வீட்டை விற்றது, குழந்தைகள் பிரிந்து போனது, நீ பக்கத்தில் இல்லையே என்று ஏங்கினது. இவையெல்லாம் அந்தக் கடிதங்களில் இருந்தன. துக்கத்தைத் தனியாய்ப் படிக்கட்டுமே என்று தயங்கினாரோ, எழுதினதே போதும் என்று ஆறுதல் கொண்டாரோ? வருஷங்கள் கழித்து அந்தக் கடிதங்கள் தங்கை கைக்கு வந்து சேர்ந்தன.

2004-ல் ஜரீனா அவற்றில் ஆறு அல்ல, ஏழு அல்ல, எட்டுத் தாள்களை ஒரு தொகுதியாக்கினார். கடித வரிகளை உலோகத் தகட்டில் ஏற்றினார். கோஸோ என்ற மரப்பட்டைக் காகிதத்தில், அந்த வரிகளின் மேலேயே வீட்டின் வரைபடத்தையும் ஊரின் வரைபடத்தையும் மரக்கட்டையால் அச்சிட்டார். கறுப்புச் சுவர்கள் எழுத்தின் மேல் விழுகின்றன. சில வரிகள் வீட்டுக்குள் அடைபட்டிருக்கின்றன. சில வரிகள் வெளியே நிற்கின்றன. உருது தெரிந்தவர்கள் கூட முழுவதும் படிக்க முடியாது. அக்கா தங்கைக்குச் சொன்ன பேச்சை உலகத்துக்குக் காட்டவும் வேண்டும், கேட்காமல் மூடவும் வேண்டும். இரண்டையும் ஒரே காகிதத்தில் செய்துவிட்டார்.

2011-ல் வெனிஸ் நகரத்துச் சர்வதேசக் கலைக் காட்சியில் இந்தியாவின் சார்பில் நின்றவர்களில் ஜரீனாவும் ஒருவர். பெற்றோர் பாகிஸ்தானத்தில், வாசம் அமெரிக்காவில், வார்த்தை உருது, பட்டறைப் பயிற்சி பாரிஸ், காகிதம் ஜப்பான். 'எந்த ஊர்?' என்று ரயிலில் எதிரே உட்கார்ந்தவர் கேட்டிருந்தால் என்ன பதில் சொல்லியிருப்பாரோ! ஆனால் பாரத தேசத்தின் பெயரால் சுவரில் மாட்ட அவருக்கு உரிமை இருந்தது என்பதில் எனக்குச் சந்தேகமில்லை. தேசத்தைத் தேசப்படத்தில் பார்ப்பவர்கள் பலர். முற்றம், மழை, பிற்பகல், வெப்பக் காற்று என்று பார்ப்பவர்கள் சிலர். அவர்களிடமிருந்து எந்த எல்லைக் கோடும் தேசத்தைப் பிடுங்கிவிட முடியாது.

எங்கள் அக்கா போட்ட படம் இப்போது என் மேஜை மேல் கண்ணாடிச் சட்டத்துக்குள் இருக்கிறது. அதில் காமரா உள்ளின் தெருப்பக்கச் சுவரில், திண்ணைக்கு மேலாக, ஒரு சின்ன ஜன்னல் போட்டிருக்கிறாள்.

அன்றைக்கே அண்ணா ஆட்சேபித்தார். "அந்தச் சுவரில் ஏது ஜன்னல்? காமரா உள் எப்போதும் இருட்டாக இருக்கும். விளக்கில்லாமல் யாரும் போகமாட்டோமே!" என்றார். தம்பியும் நானும் எவ்வளவு யோசித்தும் அங்கே ஜன்னல் இருந்ததாக நினைவு வரவில்லை.

அக்கா நிதானமாகச் சொன்னாள்: "உங்களுக்குத் தெரியாது. வைகாசியில் என் கல்யாணம். மாசி மாதம் ஒருநாள் பிற்பகல், அப்பா திண்ணையில் உட்கார்ந்து அந்த மனிதரிடம் வீட்டை விலை பேசினார். நான் காமரா உள்ளில் அந்த ஜன்னலுக்கு அடியில் நின்று முழுவதும் கேட்டுக்கொண்டிருந்தேன்."

ஐம்பத்தெட்டு வருஷமாக அவள் அதை யாரிடமும் சொன்னதில்லை. அவளுடைய கல்யாணச் செலவுக்குத்தான் வீடு போயிற்று என்று எங்கள் எல்லோருக்கும் தெரியும். அவளுக்கு அது முன்கூட்டியே தெரியும் என்பது மட்டும் அன்றுவரை எங்களுக்குத் தெரியாது. அதற்கப்புறம் அண்ணா ஜன்னலைப் பற்றிப் பேசவில்லை.

சுவரில் ஜன்னல் இருந்ததா, இல்லையா என்று இனிப் போய்ப் பார்ப்பதற்குச் சுவர் இல்லை. படத்தில் ஜன்னல் இருக்கிறது. அதன் அருகில் 'ஜன்னல்' என்று அக்காவின் கையெழுத்தில் எழுதியும் இருக்கிறது.